கடல் கடந்து மீண்டவர் கட்டிய பேட்டை

(நம் சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



ஆண்டுதோறும் இம்மேடையில் புலமை மிக்கார் பலர் இலக்கிய விருந்து படைத்து வருகின்றனர். அவர்கள் நடந்த வழியில் அடியெடுத்து வைக்கும் துணிவு நமக்கில்லை. ஆகவே, ஓய்வு நேரங்களில் படித்துச் சேர்த்த ஒரு வரலாற்றினை நம் சிற்றறிவிற்கு எட்டிய அளவில் எடுத்துரைக்க விழைகின்றோம். குற்றம் களைந்து குணம் கொள்ளுமாறு அவையினரை வேண்டுகின்றோம்.

நாம் எடுத்துக்கொண்ட பொருள், மேற்கு ஆப்பிரிக்காவில் நைஜீரிய நாட்டைச் சேர்ந்த லாகோஸ் நகரின் ஒரு பேட்டையைப் பற்றியது. 'லாகோஸ் எங்கே, நாம் எங்கே?' என்று சிலர் வினவலாம். பிறந்த மண்ணை விட்டு வேற்றூரில் வாழ்வோரும், என்றேனும் ஒரு நாள் மீளலாம் என்று எண்ணியிருப்போரும் கூடியுள்ள அவை இது. கடலுக்கப்பால் கொண்டுசெல்லப்பட்டு, மீண்டும் வந்து, தமக்கென ஒரு பேட்டையைக் கட்டி எழுப்பிய மக்களின் கதை இவ்வவைக்கு அயற்கதையாகத் தோன்றாது என்பது நம் நம்பிக்கை.

ஊரும் பேட்டைகளும்

லாகோஸ் நைஜீரியாவின் மிகப் பெரிய நகரம். 1991-ஆம் ஆண்டு டிசம்பர்த் திங்கள் வரை அந்நாட்டின் தலைநகராகவும் விளங்கியது. அட்லாண்டிக் பெருங்கடலை ஒட்டிய காயலின் நடுவே உள்ள தீவுதான் பழைய ஊர். அங்கு வாழும் யொரூபா மக்கள் அதனை 'ஏகோ' என்று அழைப்பர். லாகோஸ் என்பது போர்ச்சுகீசியர் இட்ட பெயர். ஏரிகள், காயல்கள் என்பது அதன் பொருள்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இத்தீவு அடிமை வாணிகத்திற்குப் பேர்போன துறைமுகமாய் இருந்தது. உள்நாட்டில் ஓயோ என்னும் பேரரசு சிதைந்து, யொரூபா நாடெங்கும் போர்கள் மூண்டன. போரில் பிடிபட்டவர் கயிற்றில் பிணிக்கப்பட்டுக் கடற்கரைக்குக் கொண்டுவரப்பட்டுக் கப்பலேற்றப்பட்டனர். அவருள் மிகப் பலர் சென்று சேர்ந்த இடம், பிரேசில் நாட்டின் பாஹியா மாநிலத்துச் சால்வடோர் நகரம்.

1851-ஆம் ஆண்டு டிசம்பரில் ஆங்கிலக் கடற்படை லாகோசைக் குண்டுவீசித் தாக்கி, கொசோக்கோ என்ற அரசரை ஓட்டி, அக்கிடோயே என்பவரை அரியணையில் அமர்த்தியது. 1852 ஜனவரி முதல் நாள் அடிமை வாணிகத்தை விலக்கும் உடன்படிக்கை கையொப்பமாயிற்று. 1861-இல் ஊர் முழுவதும் ஆங்கிலேயர் ஆட்சிக்குட்பட்டது. அடிமை வாணிகத்தை ஒழிக்கவே வந்தோம் என்பது ஆங்கிலேயர் கூற்று. பாமாயில் வாணிகத்தைக் கைப்பற்றும் நோக்கமும் உடனிருந்ததை வரலாற்றாசிரியர்கள் எடுத்துக்காட்டியுள்ளனர்.

இவ்வாறு ஆட்சி மாறிய ஊரில் நால்வகை மக்கள் நான்கு பேட்டைகளாக வாழ்ந்தனர். அரண்மனையைச் சூழ்ந்த இசாலே ஏகோவில் ஊரின் பழங்குடிகள் இருந்தனர். தென்கரையில் மரீனா என்னும் கடற்கரைச் சாலையில் ஐரோப்பிய வணிகர் குடியேறினர். மேற்கே ஒலோவோபோவோ பேட்டையில் 'சாரோ' எனப்பட்டோர் வாழ்ந்தனர். அடிமைக் கப்பல்களினின்று ஆங்கிலக் கடற்படையினரால் மீட்கப்பட்டுச் சியரா லியோனில் இறக்கப்பட்டு, ஆங்கிலக் கல்வியும் கிறித்தவமும் பெற்றுத் திரும்பியோரும் அவர்தம் மக்களும் இவர்கள். நான்காவதுதான் நம் கதைக்குரிய பேட்டை. பிரேசிலிலிருந்தும் ஓரளவு கியூபாவிலிருந்தும் மீண்டவர் குடியேறிய இடம் அது. அம்மக்களை ஊரார் 'அகுடா' என்றும் 'அமாரோ' என்றும் அழைத்தனர். அவர்தம் இருப்பிடத்திற்குப் 'போபோ அகுடா' என்று பெயர் வழங்கிற்று. ஆங்கிலேயர் அதனைப் பிரேசில் பேட்டை என்றனர்.

பாஹியாவில் பட்டது

இவர்கள் ஏன் மீண்டனர் என்பதை அறிய, பாஹியாவில் இவர்கள் பட்டதை ஒருவாறு அறிதல் வேண்டும்.

சால்வடோர் நகரத்து அடிமைகள் பலர் தெருவில் இறங்கிக் கூலி வேலை செய்தனர். மூட்டை சுமப்போர், பல்லக்குத் தூக்குவோர், கொத்தர், தச்சர், தையற்காரர், தெருவில் தின்பண்டம் விற்கும் பெண்டிர் எனப் பல தொழிலினர் அவருள் இருந்தனர். ஈட்டிய பொருளில் குறித்த தொகையை ஆண்டைக்குச் செலுத்திய பின் மிஞ்சியது தம்முடையது. அம்மிச்சத்தைச் சிறுகச் சிறுகச் சேர்த்துத் தம்மைத் தாமே விலை கொடுத்து வாங்கி விடுதலை பெறலாம் என்பது அவ்வூர் வழக்கம். இதற்காக அவர்கள் நம்மூர்ச் சீட்டினைப் போன்ற கூட்டுச் சேமிப்பு முறையும் வைத்திருந்தனர். பலர் பணம் கட்ட, முறை வந்தவர் எடுத்துத் தம் விடுதலையை வாங்குவார். விடுதலை பெற்ற பின்னும் எஞ்சியவர்க்காகத் தொடர்ந்து கட்டுவார். ஒருவரையொருவர் நம்பியதன்றி அதற்கு வேறு ஈடு ஏதும் இருந்ததில்லை.

1835-ஆம் ஆண்டு ஜனவரித் திங்களில், ரம்ஜான் நோன்புக் காலத்தில், சால்வடோர் நகரத்து முஸ்லிம் ஆப்பிரிக்கர்கள் கிளர்ந்தெழுந்தனர். அறுநூறு பேர் வரை அக்கிளர்ச்சியில் ஈடுபட்டனர் என்பர். ஓர் இரவிலேயே அது அடக்கப்பட்டது. எழுபது பேரளவில் மாண்டனர். பிடிபட்டோருக்குத் தூக்கும் துப்பாக்கிக் குண்டும் கசையடியும் நாடு கடத்தலும் கிடைத்தன. அத்துடன் அமையவில்லை. அவ்வாண்டு மே 13-ஆம் நாள் பாஹியா மாநிலத்தில் ஒரு சட்டம் இயற்றப்பட்டது. விடுதலை பெற்ற ஆப்பிரிக்கர், கிளர்ச்சியில் கலந்துகொள்ளாதவர் உட்பட, ஆண்டுதோறும் பத்தாயிரம் ரெயிஸ் தலைவரி செலுத்துதல் வேண்டும். வீடு, மனை முதலிய அசையாச் சொத்து எதனையும் அவர்கள் வாங்குதல் கூடாது.

அன்பர்களே, இவ்விரண்டாவது விதியைச் சற்றே மனத்தில் இருத்திக்கொள்ளுமாறு வேண்டுகின்றோம். அந்நகரின் மாளிகைகளுக்குச் செங்கல் சுமந்தவரும் சுண்ணாம்பு அரைத்தவரும் சுவரெழுப்பியவரும் இவர்களே. அந்நகரில் ஒரு முழ மனையேனும் தம் பெயரில் வைத்துக்கொள்ளும் உரிமை இவர்களுக்கு மறுக்கப்பட்டது.

மீட்சி

நாடு கடத்தப்பட்டோரைத் தொடர்ந்து, தாமாகவே விரும்பிப் பயணச் சீட்டுக்குப் பணம் செலுத்திக் கப்பலேறியோர் தொகை பெருகிற்று. நூற்றாண்டு முடியுமுன் சில ஆயிரம் பேர் இவ்வாறு மேற்கு ஆப்பிரிக்கக் கடற்கரை சேர்ந்தனர். உவீடா, போர்ட்டோ நோவோ, அகுவே முதலிய துறைகளில் பலர் இறங்கினர். லாகோசில் தொடக்கத்தில் வந்து இறங்கியோர் கொள்ளையிடப்பட்டனர். 1851-க்குப் பின் நிலைமை மாறியது. ஆங்கிலக் கான்சலாக இருந்த பெஞ்சமின் கேம்பெல் மீண்டு வருவோரை ஆதரித்தார். அரசர் தோசுன்மு காலத்தில் தீவின் நடுப்பகுதியில் அவர்களுக்கு நிலம் கிடைத்தது. 1880-களில் பிரேசிலினின்று மீண்டோரும் அவர் வழியினருமாக லாகோசில் மூவாயிரம் பேரளவில் இருந்தனர்.

இவர்கள் அனைவரையும் புண்ணியவான்களாகப் புனைந்துரைத்தல் முறையாகாது. தாம் விற்கப்பட்ட துன்பத்தை மறந்து, தாமே அடிமை வாணிகத்தில் இறங்கியோரும் மீண்டவர்களுள் இருந்தனர். வரலாறு சொல்லுங்கால் இதனையும் சேர்த்தே சொல்ல வேண்டும். எனினும், பெரும்பாலோர் கையிற் கற்ற தொழிலை நம்பி வந்தவரே.

கொத்தரும் தச்சரும்

அவர்கள் வந்து சேர்ந்தபோது ஊரில் மண்சுவரும் கூரையும் வேய்ந்த வீடுகளே மிகுதி. தீவிபத்து அடிக்கடி நிகழ்ந்தது. மீண்டவர்களோ பாஹியாவில் கல்லும் செங்கல்லும் கொண்டு கட்டப் பழகியவர். தடித்த சுவர், மேலே மாடி, நடுவே நீண்ட நடை, அதன் இருமருங்கும் அறைகள், வளைந்த தலையுடைய வாயில்கள், சன்னல்களைச் சூழச் சுதையாற் செய்த கொடியும் மலரும், தெருவை நோக்கிய மாடத்தில் இரும்புக் கம்பி வேலைப்பாடு, சுவரெங்கும் மஞ்சள், நீலம், இளஞ்சிவப்பு வண்ணம் - இவ்வாறான வீடுகள் தெருத் தெருவாக எழுந்தன. இத்தகைய மாடி வீட்டினைப் போர்ச்சுகீசிய மொழியில் 'சொப்ராடோ' என்பர். பாஹியாவில் ஆண்டைகள் வாழ்ந்த வீட்டின் பெயர் அது. லாகோசில் அதனைக் கட்டியவரே அதில் குடியேறினர்.

பாம்போஷே தெரு, கக்காவா தெரு, இக்போசெரே சாலை, கம்போஸ் சதுக்கம், டோக்குன்போ தெரு ஆகியன அப்பேட்டையைச் சேர்ந்தவை. டோக்குன்போ என்ற சொல்லுக்குக் 'கடல் கடந்து மீண்டது' என்பது பொருள். வெளிநாட்டிற் பிறந்து ஊர் திரும்பிய குழந்தைக்கு யொரூபா மக்கள் இடும் பெயரும் அதுவே. இக்காலத்தில் ஐரோப்பாவில் ஓடிப் பழகியபின் கப்பலில் வந்திறங்கும் பழைய மோட்டார் கார்களையும் நைஜீரியர் 'டோக்குன்போ' என்றே வழங்குகின்றனர்.

அம்மக்களுள் கத்தோலிக்கர் மிகுதி, முஸ்லிம்களும் இருந்தனர். பாதிரிமார் வந்து நிலைகொள்ளுமுன்பே, பிரேசிலினின்று மீண்ட கத்தோலிக்கர் தமக்குள் ஒருவரைத் தலைமையாகக் கொண்டு வழிபாடு நடத்தி வந்தனர். பின்னர் 1878-இல் தொடங்கி 1881-இல் முடிவுற்ற திருச்சிலுவைக் கோயிலை, லாசரோ போர்ஜஸ் த சில்வா, பிரான்சிஸ்கோ நோப்ரே ஆகிய இப்பேட்டைக் கைவினைஞர்கள் கட்டினர். இன்று அவ்விடத்தில் நிற்கும் பேராலயம் 1930-களில் எழுந்தது.

முஸ்லிம் பள்ளிவாசல்களையும் இம்மரபினரே கட்டினர் என்பது நம் உள்ளத்தைக் கவர்ந்த செய்தி. சியரா லியோனில் பிறந்து, நைஜர் ஆற்று வாணிகத்தில் பெரும்பொருள் ஈட்டிய முகம்மது ஷிட்டா என்ற செல்வர் லாகோசில் ஒரு பள்ளிவாசல் எழுப்ப எண்ணினார். அவ்வேலையை ஜோவாவோ பாப்டிஸ்ட்டா த கோஸ்ட்டா என்ற பிரேசில் மரபுக் கொத்தனாரிடம் ஒப்படைத்தார். 1894 ஜூலை 4-ஆம் நாள் நிகழ்ந்த திறப்பு விழாவிற்கு ஆங்கில ஆளுநர் கார்ட்டர் வந்திருந்தார். துருக்கி சுல்தான் இரண்டாம் அப்துல் ஹமீது தம் பேராளரை அனுப்பி, ஷிட்டாவிற்குப் 'பே' என்னும் பட்டம் அளித்தார். ஷிட்டா பே பள்ளிவாசல் இன்றும் நிற்கின்றது. அதன் முகப்பைக் காண்போர் பாஹியாவின் தேவாலய முகப்பை நினைவுகூர்வர்.

த கோஸ்ட்டாவுடன் பணிபுரிந்த சனுசி ஆக்கா போன்ற யொரூபாக் கைவினைஞர்கள் அத்தொழிலைத் தமதாக்கிக்கொண்டனர். அவர்கள் வழியாக இபாதான், அபேயோகுட்டா, இஜேபு ஓடே என உள்நாட்டு ஊர்களிலும் இக்கட்டட முறை பரவிற்று. அண்டை நாடான பெனினில், போர்ட்டோ நோவோ நகரின் பெரிய பள்ளிவாசலும் இம்முறையில் எழுந்ததே. அடிமையாகச் சென்ற இடத்தில் கற்ற தொழில் சாதி, சமய, நாட்டு வேறுபாடு கடந்து ஒரு பெருநிலப்பரப்பின் பொதுச் சொத்தாயிற்று.

தண்ணீர் வீடு

அப்பேட்டையின் வீடுகளுள் பெரும்புகழ் பெற்றது கக்காவா தெருவில் உள்ள தண்ணீர் வீடு. இலேஷா என்னும் உள்நாட்டு ஊரினின்று பத்து வயதளவில் பிடித்துச் செல்லப்பட்டு பிரேசிலில் விற்கப்பட்ட ஈசான் என்ற சிறுவன், ஜோவாவோ ஈசான் த ரோச்சா என்ற பெயருடன், மனைவி மக்களோடு 1870-களில் லாகோஸ் திரும்பினார். அவர் கட்டிய வீட்டில் ஒரு நல்ல கிணறு இருந்தது. தீவினைச் சூழ்ந்தது உப்பு நீர். குழாய்த் தண்ணீர் அந்நாளில் இல்லை. ஈஜு நீர்நிலையத்தினின்று ஊருக்குக் குழாய் நீர் வந்தது 1915-ஆம் ஆண்டில்தான். ஆகவே ஊரார் அவ்வீட்டிற்குக் குடமேந்திச் சென்று காசு கொடுத்துத் தண்ணீர் வாங்கினர். வீட்டின் பெயரே 'தண்ணீர் வீடு' என்றாயிற்று.

அவர் மகன் கான்டிடோ த ரோச்சா 1860-இல் பாஹியாவிற் பிறந்து, 1959-இல் லாகோசில் மறைந்தார். பெருஞ்செல்வராக விளங்கினார். யாரேனும் அளவுக்கு மீறிப் பணம் கேட்டால், 'நான் என்ன த ரோச்சாவா?' என்று கேட்பது லாகோஸ் வழக்காயிற்று. நாம் 'குபேரனா?' என்று கேட்பதில்லையா, அது போல. இக்குடும்பத்தின் வரலாற்றைத் தழுவி, லாகோசில் பிரேசில் தூதரகப் பணியில் இருந்த அந்தோனியோ ஒலிந்தோ என்ற எழுத்தாளர் 'தண்ணீர் வீடு' என்னும் பொருளுடைய பெயரில் ஒரு புதினம் எழுதி 1969-இல் வெளியிட்டார்.

விற்கப்பட்ட சிறுவன் கட்டிய வீட்டின் முற்றத்தில் அவனை விற்றனுப்பிய துறைமுகத்து மக்கள் தண்ணீருக்கு வரிசையில் நின்றனர் என்பதை எண்ணுங்கால் நம் உள்ளம் உருகுகின்றது.

பேச்சும் உணவும் விழாவும்

அகுடா மக்கள் தம் வீடுகளில் போர்ச்சுகீசிய மொழி பேசினர். பிரேசிலில் பெற்ற பெயர்களைக் கைவிடவில்லை. த சில்வா, பெரைரா, கார்டோசோ, மார்ட்டின்ஸ், த கோஸ்ட்டா என்பன லாகோசில் இன்றும் வழங்கும் குடும்பப் பெயர்கள். இவற்றுட் சில நம் தூத்துக்குடிக் கடற்கரையிலும் வழங்குவது போர்ச்சுகீசியரின் பயணச் சுவடேயாகும். சன்னல், அலமாரி, சாவி, மேசை என்று நாம் வீட்டில் நாள்தோறும் வழங்கும் சொற்களும் அம்மொழியினின்று வந்தவை என்பதை இவ்விடத்து நினைவூட்டுதல் பொருந்தும்.

உணவிலும் அவ்வாறே. மரவள்ளிக் கிழங்கு பிரேசில் நாட்டுப் பயிர். அதனைத் துருவிப் புளிக்கவைத்துப் பிழிந்து வறுத்து 'கரி' என்னும் மாவாக்கும் முறை மேற்குக் கடற்கரையில் பரவியதில் மீண்டவர்களுக்குப் பெரும்பங்குண்டு என்பர். புனித வெள்ளியன்று அகுடா இல்லங்களில் பயற்றை வேகவைத்து மசித்துத் தேங்காய்ப் பாலூற்றிச் செய்யும் 'ஃபிரெஜோன்' என்ற உணவு, பொரித்த மீனுடன் பரிமாறப்படும். அண்டை வீட்டாருக்கும் கிண்ணத்தில் வைத்து அனுப்புவர். இதற்கு எதிர்த்திசையிலும் ஒரு பயணம் உண்டு. யொரூபாப் பெண்டிர் காராமணியை அரைத்து எண்ணெயிற் பொரித்தெடுக்கும் 'அக்காரா' என்னும் வடை, அடிமைகளோடு கடல் கடந்து பாஹியாவின் தெருக்களில் இன்றும் 'அக்கராஜே' என்ற பெயரில் விற்கப்படுகின்றது.

விழா நாட்களில் முகமூடியணிந்து, காளை உருவம் சுமந்து, மேளத்துடன் தெரு வலம் வருவர். பிரேசில் நாட்டில் அடிமை முறை 1888 மே 13-ஆம் நாள் அறவே ஒழிந்தபோது லாகோஸ் பிரேசில் பேட்டையிலும் மகிழ்ச்சி விழா கொண்டாடப்பட்டது. தாங்கள் விட்டு வந்த நாட்டின் விடுதலைக்கு இவர்கள் விழா எடுத்தனர். வீடு வாங்கத் தடை விதித்த பாஹியாச் சட்டம் பிறந்ததும் ஒரு மே 13 என்பது காலத்தின் விந்தை.

பாஹியாவில் இருந்தவரை அவர்கள் ஆப்பிரிக்கர் எனப்பட்டனர். ஆப்பிரிக்காவிற்கு வந்தவுடன் பிரேசில்காரர் எனப்பட்டனர். இதில் நமக்கு வியப்பேதும் இல்லை. இவ்வூரில் நாம் மதராசி. விடுமுறைக்கு ஊர் சென்றால், பெயரைச் சொல்லாது 'வடக்கத்திக்காரர் வீடு' என்று அடையாளம் சொல்வாரும் உளர். சென்ற இடத்திலும் மீண்ட இடத்திலும் ஒட்டுப் பெயர் சுமப்பது குடிபெயர்ந்தோர்க்கு எந்நாட்டிலும் பொது.

காலம் செல்லச் செல்ல மொழி மறைந்தது. கத்தோலிக்கப் பள்ளிகளில் தொடக்கத்திற் போர்ச்சுகீசிய மொழிக்கு இடமிருந்தது. ஆட்சி மொழி ஆங்கிலமாதலின், அலுவலக வேலைக்கு ஆங்கிலமே வேண்டியிருந்தது. 1896-இல் தொடங்கிய இருப்புப்பாதை 1901-இல் இபாதான் வரை எட்டியது. இருப்புப்பாதை அலுவலகங்களிலும் துறைமுகத்திலும் வணிகக் குழுமங்களிலும் எழுத்தர் வேலை மலிந்தது. கொத்தர் மகன் எழுத்தரானான். எழுத்தர் மகன் ஆங்கிலமும் யொரூபாவும் பேசினான். பாட்டியின் மொழி வேண்டுதலிலும் சமையலறையிலும் எஞ்சிற்று. மூன்றாம் தலைமுறையில் அதுவும் அருகிற்று. எழுத்தர் குலத்தைச் சார்ந்த நாம் இவ்வரலாற்றைக் கைகொட்டி நகைக்க இயலாது.

இடிபாடு

இனி, பேட்டைக்கு நேர்ந்ததைக் கூறுதும்.

1924-இல் லாகோசில் கொள்ளைநோய் பரவிற்று. நெருக்கமான குடியிருப்புகளைச் சீர்செய்ய 1928-இல் லாகோஸ் வளர்ச்சி வாரியம் அமைக்கப்பட்டது. 1955-இல், நாடு விடுதலை பெறுவதற்கு ஐந்தாண்டுகட்கு முன், தீவின் நடுவே 70 ஏக்கர் பரப்பினைச் சேரியெனக் குறித்து இடித்துத் திருத்தும் திட்டம் வகுக்கப்பட்டது. தலைநகரின் நடுப்பகுதி, வருகை தருவோர் கண்ணுக்கு அழகாக விளங்க வேண்டும் என்பது ஆட்சியாளர் விருப்பம். குடியிருந்தோர் தீவிற்கு அப்பால் சுருலேரே என்னும் இடத்துக்கு அனுப்பப்பட்டனர். பீட்டர் மாரிஸ் என்ற ஆங்கில அறிஞர் அம்மக்களிடம் நேரிற் சென்று விசாரித்து 1961-இல் ஒரு நூல் வெளியிட்டார். புதிய வீடுகள் தூய்மையாக இருந்தன. ஆயினும் உறவினர் சிதறினர். வீட்டு வாயிலில் வாணிகம் செய்து பிழைத்த பெண்டிர் வாடிக்கையாளரை இழந்தனர். வேலைக்குச் சென்று மீளும் செலவு மிகுந்தது. பழைய வீட்டின் சுவரை அளந்தவர்கள் அச்சுவரை ஒட்டி நடந்த வாழ்வினை அளக்கவில்லை என்பதை அந்நூல் உணர்த்துகின்றது.

எஞ்சிய வீடுகளுள் ஒன்று, தினுபு சதுக்கத்தில் நின்ற இலோஜோ விடுதி. 1855-இல் பெர்னான்டஸ் என்னும் குடும்பத்தார் உணவு விடுதியாகக் கட்டிய மாடிக் கட்டடம் அது. 1933-இல் ஒரு யொரூபாக் குடும்பத்தின் கைக்கு மாறியது. 1956-இல் அரசினர் அதனைத் தேசிய நினைவுச் சின்னம் என்று அறிவித்தனர். அறிவிப்பு வெளிவந்து அறுபது ஆண்டுகள் கழிந்தபின், 2016 செப்டம்பர் 11, ஞாயிற்றுக்கிழமையன்று, அக்கட்டடம் இடித்துத் தரைமட்டமாக்கப்பட்டது. நினைவுச் சின்னங்களைக் காக்கும் ஆணையத்தார் கண்டனம் தெரிவித்தனர். கண்டனத்தால் ஒரு செங்கல்லும் மீளவில்லை. த கோஸ்ட்டாவும் சனுசி ஆக்காவும் கட்டி 1913-இல் முடித்த நடுப் பள்ளிவாசலும் 1980-களில் இடிக்கப்பட்டு, 1988-இல் அவ்விடத்தில் புதிய பள்ளிவாசல் திறக்கப்பட்டது.

இதில் யாரைக் குறை கூறுவது? மூதாதை கட்டிய வீடு லாகோஸ் வழக்கப்படி வழித்தோன்றல் அனைவருக்கும் பொதுச் சொத்து. மூன்று நான்கு தலைமுறையில் பங்காளிகள் பெருகுவர். ஒருவர் பழுதுபார்க்க விழைந்தால் மற்றொருவர் விற்க விழைவார். மழைக் காலந்தோறும் சுவர் ஊறும். நகரின் நடுவே மனையின் விலையோ ஏறிக்கொண்டே செல்லும். 'இது நாட்டின் சொத்து; கை வைக்காதே' என்று பலகை மாட்டும் அரசினர், ஓடு மாற்றப் பணம் தாராவிடின், உடையவர் என்செய்வார்? இவ்வாறு வினவுவோரின் பக்கத்திலும் நியாயம் உண்டு என்பதை நாம் மறுப்பதற்கில்லை.

எனினும், அதனோடு நிறைவுகொள்ள நம் மனம் ஒப்பவில்லை. வீடு கட்டும் உரிமை மறுக்கப்பட்டவர் கட்டிய வீடு அது. பாஹியாவின் சட்டம் அவர்களை நோக்கி, 'உனக்கு இம்மண்ணில் இடமில்லை' என்றது. அதற்கு அவர்கள் சொல்லால் மறுமொழி கூறவில்லை. செங்கல்லால் கூறினர். அம்மறுமொழி நூற்றறுபது ஆண்டுகள் தெருவில் நின்றது. அதனை இடித்தவர் ஒரு பழுதான கட்டடத்தையே கண்டனர். அக்கட்டடம் எதற்கு மறுமொழி என்பதை அவர்களுக்கு எடுத்துச் சொல்ல, தினுபு சதுக்கத்தில் அந்த ஞாயிறன்று எவரும் இல்லை.

நாம் கருத வேண்டுவது

நினைவுச் சின்னம் என்று ஏட்டில் எழுதுவதால் எதுவும் காக்கப்படுவதில்லை என்பது இவ்வரலாறு நமக்குக் கற்பிக்கும் பாடம். தன் வீடு எதனால் வந்தது என்பதைத் தலைமுறைதோறும் சொல்லிக் கொடுக்கும் குடும்பமும், கூரை ஒழுகும்போது கைகொடுக்கும் ஊரும், சட்டத்தோடு பணத்தையும் அளிக்கும் அரசும் ஒன்றுசேர்ந்தாலன்றிச் சுவர் நில்லாது. ஷிட்டா பே பள்ளிவாசல் நிற்கின்றது. அங்கே நாள்தோறும் தொழுகை நடக்கின்றது. தண்ணீர் வீடு நிற்கின்றது. அதன் கதை தெரிந்தோர் உள்ளனர். ஃபிரெஜோனைக் காப்பதற்குச் சட்டம் ஏதும் இல்லை. ஆண்டுதோறும் அடுப்பேற்றுவோர் இருத்தலின் அது அழியவில்லை.

நம் சங்கம் மாளிகை கட்டிய சங்கம் அன்று. சம்பள நாளில் ஒவ்வொருவரும் மனமுவந்து அளித்த சிறு தொகையால் வளர்ந்தது. நம் பிள்ளைகளுள் தமிழ் பேசத் தெரிந்தும் எழுதத் தெரியாதோர் பலர். சங்கம் எவ்வாறு தோன்றியது, முதற்கூட்டத்திற்கு விரிப்பு யார் வீட்டிலிருந்து வந்தது, தமிழ் வகுப்பிற்கு முதலில் இடம் கொடுத்தவர் யார் என்பனவற்றை அறிந்த பெரியோர் இன்னும் நம்மிடையே அமர்ந்துள்ளனர். பழைய குறிப்பேடுகளும் நிழற்படங்களும் யாரோ ஒருவர் வீட்டுப் பரண்மேல் கிடக்கின்றன. அப்பெரியோரை அணுகிக் கேட்டு எழுதிவைக்கவும், அவ்வேடுகளைப் படியெடுத்துப் போற்றவும் செயற்குழு ஆவன செய்தல் வேண்டும் என்றும், அப்பணியை எழுதப் படிக்கப் பழகும் நம் இளைஞரிடமே ஒப்படைத்தல் வேண்டும் என்றும் பணிவுடன் கேட்டுக்கொள்கின்றோம். அடுத்த ஆண்டு மலரில் அவற்றுள் ஓரிரு பக்கமேனும் இடம்பெறுமாயின், இன்று நாம் பேசியது பயனுடைத்தாகும்.



வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!